துணைக்கால்

பியாவிஸ்டோக் நகரம்.
நிர்வாக நீதிமன்றத்துக்குப் பின்தெருவில் மூன்றாவது மாடி.
ஓத்தீலியா நசருக் சாப்பாட்டு மேசையை ஒழித்துவிட்டார்.
பீட்ரூட் கறை போகாத விரிப்பின் மேல்
முப்பத்தோரு தாள்கள்.

காட்டில் பிடிபட்டு
இரவோடு இரவாக வேலிக்கு அப்பால் விடப்பட்டவர்கள்.
ஆளுக்கொரு தாள்.
ஒவ்வொன்றின் ஒன்பதாம் பத்தியிலும் ஒரே வாக்கியம்:
அந்நியர் பாதுகாப்புக் கோரவில்லை.

இருபத்தாறு ஆண்டாக
அவர் வகுப்பெடுப்பது இந்த ஒரு வினைச்சொல்லைப் பற்றித்தான்.
கோருவது என்றால் என்ன?
கையைத் தூக்குவது கோருவதா?
'இங்கே, இங்கே' என்று தரையை விரலால் குத்திக் காட்டுவது?
பனியில் உட்கார்ந்துகொண்டு
எழுந்திருக்க மாட்டேன் என்பது?
திருப்பி அனுப்புமுன் கேட்டாக வேண்டும்,
கேட்டபோது அங்கே ஒரு காது இருந்திருக்க வேண்டும்
என்று நீண்ட அடிக்குறிப்பு ஒன்றில் எழுதியிருந்தார்.
மதிப்புரையில் ஒரு சக பேராசிரியர்
'இது சட்டமில்லை, கவிதை' என்று முடித்திருந்தார்.
நசருக் பொருட்படுத்தவில்லை.
எனக்குத்தான் கொஞ்சம் சுருக்கென்றது.

பன்னிரண்டாம் தாளில் கண் நின்றது.
அவர்கள் மொழியில் அந்தச் சொல்லின் கடைசி எழுத்துக்கு
அடியில் ஒரு சின்ன வால் உண்டு.
அது இல்லை.
நம் எழுத்தில் காட்டினால் இப்படி:
பாதுகப்பு.
ஒரு துணைக்கால் விட்டுப்போயிருக்கிறது.

பின்னால் புரட்டினார். பாதுகப்பு.
முன்னால் புரட்டினார். பாதுகப்பு.
அக்டோபரிலும் பாதுகப்பு,
ஆறு உறைந்த ஜனவரியிலும் பாதுகப்பு.
கையெழுத்திட்ட அதிகாரிகள் நான்கு பேர்.
பேசியதாகச் சொல்லப்பட்ட மொழிகள் ஐந்து.
அத்தனை வாயிலும்
அதே இடத்தில் அதே கால்
ஒடிந்திருக்கிறது.

பதினேழாம் தாள் ஸெரிஹூனுடையது.
ஊர் கோந்தார், வயது இருபத்துமூன்று.
'வாய்மொழியாகத் தெரிவித்தார்' என்று இருந்தது.
அவன் அண்ணன் அலைபேசியில் அனுப்பிய
பள்ளிச் சான்றிதழை மொழிபெயர்க்க
மூன்று வாரம் ஆயிற்று.
காது கேளாதோர், வாய் பேசாதோர் பள்ளி.
முதல் வகுப்பு முதல் பத்தாம் வகுப்பு வரை.
நசருக் அந்தத் தாளைக் கவிழ்த்து வைத்துவிட்டு
பால்கனிக்குப் போய்
வெகுநேரம் எதிர்வீட்டுக் கொடியில் காயும்
சட்டைகளைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

நீதிமன்றத்தில் அரசு வழக்கறிஞர்:
'எழுத்துப்பிழை யாருக்கும் வரும்.'
நசருக்:
'வரும். எனக்கும் வரும்.
அதே பிழை முப்பத்தோரு முறை வந்தால்
அதை அச்சு என்போம்.'
நீதிபதி கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.
பதினேழாம் தாளைக் கேட்டு வாங்கி
இரண்டு தடவை படித்தார்.
தீர்ப்பு மே மாதத்துக்குத் தள்ளிப்போனது.
மேயிலிருந்து செப்டம்பருக்கு.

ஸெரிஹூன் எங்கே என்று யாருக்கும் தெரியவில்லை.
அந்தப் பக்கத்து நகரமொன்றில்
ரயில் நிலையத்தில் பார்த்ததாக ஒருவர்.
இல்லை, அது வேறு பையன் என்று இன்னொருவர்.

ஜூனில் புதுக் கட்டு வந்தது.
எட்டுத் தாள்கள்.
உறையைக் கிழித்ததும்
நின்றபடியே ஒன்பதாம் பத்திக்குப் போனார்.
அந்நியர் பாதுகாப்புக் கோரவில்லை.
சரியாக எழுதியிருந்தார்கள்.
எட்டிலும் வால் முளைத்திருந்தது.
வழக்கை யாரோ கவனமாகப் படித்திருக்கிறார்கள்.
சட்டத்தின் ஆட்சி
இந்தக் காட்டுக்குள் இதுவரை வந்த தூரம்
ஓர் எழுத்து.

அவர் சிரித்தார் என்று கேள்விப்பட்டேன்,
கீழ்வீட்டு நாய் குலைக்கும் அளவுக்கு.

பிறகு பென்சிலை எடுத்துக்கொண்டு உட்கார்ந்தார்.
பிழையில்லாத எட்டுத் தாள்கள்.
பெயர். வயது. நாடு. பிடிபட்ட நேரம்.
முதல் தாளில் நான்கு மணி பத்து நிமிடம்.
இரண்டாவதிலும் நான்கு பத்து.
மூன்றாவதில் ஒரு சிறு கோடு போட்டுவிட்டு
நான்காவதை
விளக்குக்குப் பக்கத்தில் இழுத்தார்.